காலத்தை நிறுத்தும் கல்

கையில் ஒரு கல் கிடைக்கிறது. அதை இப்படித் திருப்பினால் ஓடுகிற காலம் நிற்கிறது. அப்படித் திருப்பினால் போன காலம் திரும்புகிறது. நரைத்த தலை கறுக்கிறது; இறந்தவன் எழுந்து உட்காருகிறான். மண்ணுக்குள் எங்கோ ஒரு மூலையில், ஆயிரம் தடைகளைத் தாண்டிப் போகிறவனுக்குத்தான் அது கிடைக்கும்!

இந்தக் கற்பனை மிகவும் பழையது. ஐரோப்பியர் இதை 'ஞானியரின் கல்' என்றார்கள். சீனர் சிவந்த தாதுவில் தேடினார்கள். நம்மவர் ரசமணி என்றும், காயகற்பம் என்றும், பரிசவேதி என்றும் பேசினார்கள். பாட்டி சொல்லும் கதையில் மட்டுமல்ல, 2016-ம் ஆண்டில் வெளிவந்த 'டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்' என்ற அமெரிக்கப் படத்திலும் இதே கல்தான் பச்சை நிறத்தில் வருகிறது. கடித்துத் தின்ற ஆப்பிள் பழத்தை அது மறுபடியும் முழுப் பழமாக்கிக் காட்டும்போது, குழந்தைகள் வாய் பிளந்து பார்த்தார்கள்.

காலத்தை மாற்றும் சக்தியை மனிதன் ஏன் கல்லில் போய்த் தேடினான்? காரணம் எளியது. பூ வாடுகிறது, மரம் பட்டுப்போகிறது, மனிதன் மூப்படைகிறான். கல் மட்டும் பாட்டன் கண்டபடியே பேரன் கண்ணுக்கும் தோன்றுகிறது. காலம் தொடாத பொருள் கல். அப்படியானால் அதை உண்டால், அணிந்தால், அருகில் வைத்தால் காலம் நம்மையும் தொடாதல்லவா? இதுதான் ஆசையின் தர்க்கம்.

அந்த ஆசை எங்கே கொண்டுபோய் விட்டது என்பது சரித்திரத்தில் இருக்கிறது. அது கதை அல்ல.

சக்கரவர்த்தியின் மாத்திரை

கி.மு. 221-ம் ஆண்டில் சீன தேசம் முழுவதையும் ஒரு குடைக்கீழ்க் கொண்டுவந்தவர் சின் ஷிஹுவாங். பகைவர் எல்லோரையும் வென்ற அந்தச் சக்கரவர்த்தியால் வெல்ல முடியாத பகைவன் ஒருவன்தான், அவன் காலன். சாவா மருந்தைத் தேடிக் கீழ்க் கடலுக்குக் கப்பல்களை அனுப்பினார். போனவர்கள் மருந்தோடு திரும்பவில்லை. கி.மு. 210-ல், ஐம்பது வயதுகூட நிறையாமல், சுற்றுப்பயணத்தின் நடுவே அவர் இறந்தார். பாதரச மாத்திரைகளே அவர் உயிரைக் குடித்தன என்ற பேச்சு நெடுங்காலமாக உண்டு. அவருடைய சமாதிக்குள் பாதரசத்தால் ஆறுகளும் கடலும் அமைத்தார்கள் என்று, சுமார் நூறு ஆண்டுகளுக்குப் பின் வந்த சரித்திர ஆசிரியர் ஸீமா சியன் எழுதி வைத்தார். சமாதி மேட்டு மண்ணைச் சோதித்த விஞ்ஞானிகள், அதில் பாதரசம் மிகுந்திருப்பதைக் கண்டிருக்கிறார்கள்.

பாதரசத்தின் மீது ஏன் இத்தனை நம்பிக்கை? சாதிலிங்கம் என்ற சிவந்த தாதுவை நெருப்பில் வாட்டினால் வெள்ளி போன்ற பாதரசம் வெளிவருகிறது. அந்தப் பாதரசத்தைக் கந்தகத்தோடு சேர்த்துக் காய்ச்சினால் பழையபடி சிவந்த சாதிலிங்கம் ஆகிறது. செத்தது பிழைத்துவிட்டது! காலம் பின்னோக்கிப் போய்விட்டது! அடுப்பின் முன்னால் உட்கார்ந்து இதைக் கண்ணாரக் கண்டவன், 'கல்லுக்கு ஆவது உடம்புக்கு ஏன் ஆகாது?' என்று கேட்டதில் வியப்பில்லை. நம் நாட்டு ரசவாதிகளும் இந்த ரசத்தையும் கந்தகத்தையுமே பெரிதாக நம்பினார்கள்.

ஆனால் உடம்பு வேறு, அடுப்பு வேறு. பாதரசம் உடலில் தங்கினால் நரம்பைக் கெடுக்கும், சிறுநீரகத்தைக் கெடுக்கும். டாங் வமிசத்து அரசர் ஊட்ஸோங் 846-ம் ஆண்டில், சாவா மருந்தைத் தின்று தின்று, முப்பது வயதைக் கடந்த சில ஆண்டுகளிலேயே இறந்தார். அவரை அடுத்துப் பட்டத்துக்கு வந்த அரசர், முன்னவர் கதியைக் கண்ணால் கண்டவர். அவராவது திருந்தினாரா? அவரும் அதே மருந்தைத் தின்று 859-ம் ஆண்டில் மாண்டார். அறிவுக்குப் புத்தி சொல்லலாம். ஆசைக்குச் சொல்ல முடியாது.

ஐரோப்பாவில் ஒரு தேடல் மட்டும் வேறு விதமாக முடிந்தது. 1669-ம் ஆண்டில் ஜெர்மானிய நகரமான ஹாம்பர்கில் ஹென்னிங் பிராண்ட் என்பவர் ஞானியரின் கல்லைத் தேடி, மனித மூத்திரத்தைக் குடம் குடமாகக் காய்ச்சினார். கல் கிடைக்கவில்லை. இருட்டில் தானே ஒளிரும் வெண்பொருள் ஒன்று கிடைத்தது. பாஸ்பரஸ் என்று உலகம் பின்னால் அறிந்த மூலப்பொருள் அது. தேடியது பொய்யானாலும், கண்டதை மெய்யாகச் சோதித்தால் உலகத்துக்கு லாபம் உண்டு என்பதற்கு அது ஓர் உதாரணம்.

ஆனால் இருட்டில் ஒளிரும் பொருளைக் கண்டால் மனிதன் மயங்காமல் இருப்பதில்லை. அந்த மயக்கத்தின் பெரிய விலை இரண்டரை நூற்றாண்டுகளுக்குப் பிறகு கொடுக்கப்பட்டது.

இருட்டில் மின்னிய கடிகாரம்

1898-ம் ஆண்டில் மேரி கியூரியும் அவர் கணவர் பியர் கியூரியும் ரேடியத்தைக் கண்டுபிடித்தார்கள். யாரும் தூண்டாமலே வெப்பம் தருகிறது, விறகு போடாமலே ஒளி தருகிறது, குறைவதாகவே தெரியவில்லை. வாழ்வின் ஊற்றே இதுதான் என்று வியாபாரிகள் பறை சாற்றினார்கள். ரேடியம் கலந்த தண்ணீரைப் புட்டியில் அடைத்து, இழந்த வாலிபத்தைத் திரும்பத் தரும் மருந்தாக அமெரிக்காவில் விற்றார்கள். விலை அதிகம், ஆகையால் பணக்காரர்கள் வாங்கினார்கள்.

பிட்ஸ்பர்க் நகரத்துத் தொழிலதிபர் எபன் பையர்ஸ் அவர்களில் ஒருவர். 1906-ம் ஆண்டில் கால்ப் ஆட்டத்தில் அமெரிக்காவின் அமெச்சூர் சாம்பியனாக விளங்கியவர். 1927-ல் ஏற்பட்ட கை வலிக்காக 'ராடிதோர்' என்ற ரேடியத் தண்ணீரைக் குடிக்கத் தொடங்கினார். முதலில் உற்சாகமாக இருந்ததாம்! ஆயிரம் புட்டிகளுக்கு மேல் குடித்தார். பற்கள் விழுந்தன, தாடை எலும்பு அரித்துப் போயிற்று. 1932-ம் ஆண்டு மார்ச் மாதத்தில் இறந்தார். ஈயத் தகடு போட்ட பெட்டியில் வைத்து அவரைப் புதைத்தார்கள்.

அவராவது விலை கொடுத்து வாங்கியவர். கூலிக்கு வந்தவர்கள் கதை இன்னும் கொடியது. ரேடியம் கலந்த வர்ணம் இருட்டில் பச்சையாக ஒளிரும். ஆகவே கடிகார முகப்பில் எண்களை அதனால் எழுதினார்கள். 1917-ம் ஆண்டு முதல் நியூ ஜெர்ஸி மாநிலத்தின் ஆரஞ்ச் நகரில் இளம் பெண்கள் இந்த வேலைக்கு அமர்த்தப்பட்டார்கள். தூரிகையின் முனை கூராக இருக்க வேண்டும்; அதற்காக உதட்டில் வைத்துக் கூராக்கச் சொன்னார்கள். நாள் முழுதும் உதடும் தூரிகையும். வேலை முடிந்து வீடு திரும்பும் பெண்களின் கூந்தலும் உடையும் இருட்டில் மின்னின. அதைக் கண்டு அவர்கள் சிரித்து மகிழ்ந்தார்கள். அதே தொழிற்சாலையில் ரேடியத்தைக் கையாண்ட ரசாயன நிபுணர்களோ ஈயத் திரைக்குப் பின்னால் நின்று, இடுக்கியால் அதைத் தொட்டார்கள்!

ரேடியம் உடம்புக்குள் போனால் சுண்ணாம்புச் சத்தைப் போலவே எலும்பில் போய்ப் படிகிறது. அங்கிருந்தபடியே எலும்பை அழிக்கிறது. ஒருவர் பின் ஒருவராகப் பெண்கள் தாடை நொறுங்கி மாண்டார்கள். ஐந்து பெண்கள் வழக்குத் தொடுத்தார்கள்; 1928-ம் ஆண்டில் கம்பெனி நஷ்டஈடு தர இணங்கியது. தொழிலாளரின் உடல்நலத்துக்கு முதலாளி பொறுப்பு என்ற கொள்கை அமெரிக்காவில் வலுப்பெற அந்த வழக்கும் ஒரு காரணம்.

ரேடியம் பாதியாகக் குறைய சுமார் 1600 ஆண்டுகள் ஆகும். அந்தப் பெண்களின் கல்லறைக்குள் அது இன்னும் கதிர் வீசிக்கொண்டிருக்கிறது. இளமையைத் தருவதாகச் சொன்ன பொருள் அவர்கள் ஆயுளைக் குறைத்தது. தன் ஆயுளை மட்டும் அவர்கள் எலும்பில் கழித்துக்கொண்டிருக்கிறது. நேரம் காட்டும் கடிகாரத்துக்காக அவர்கள் இழந்தது, தங்களுக்கு இருந்த நேரத்தை.

கணக்கப்பிள்ளைக் கல்

அப்படியானால் கல்லுக்கும் காலத்துக்கும் தொடர்பே இல்லையா? உண்டு. நினைத்ததைவிட அதிகமாகவே உண்டு. ஆனால் அது காலத்தை மாற்றும் தொடர்பு அல்ல. காலத்துக்குச் சாட்சி சொல்லும் தொடர்பு.

சிர்கான் என்ற கனிமம் ஒன்று இருக்கிறது. பெரிய கற்களைப் பட்டை தீட்டி நகையில் பதிப்பார்கள். இலங்கையின் மாத்தறையில் கிடைக்கும் நிறமற்ற சிர்கானுக்கு 'மாத்தறை வைரம்' என்றே பெயர். ஆனால் விஞ்ஞானிகள் போற்றுவது கண்ணுக்கு எளிதில் தெரியாத அதன் பொடிமணிகளை. உருகிய பாறை குளிரும்போது சிர்கான் மணி பிறக்கிறது. பிறக்கும்போது சிறிதளவு யுரேனியத்தைத் தனக்குள் சேர்த்துக்கொள்கிறது; ஈயத்தை மட்டும் கிட்டச் சேர்ப்பதில்லை. இதில்தான் அதன் பெருமை இருக்கிறது. ஏனென்றால், யுரேனியம் மெல்ல மெல்லச் சிதைந்து கடைசியில் ஈயமாகிறது. பெரும்பகுதி யுரேனியம் பாதியாகக் குறைய 447 கோடி ஆண்டுகள் வேண்டும். வெப்பமோ, குளிரோ, அழுத்தமோ அந்த வேகத்தை மாற்றுவதில்லை.

புதிதாகக் கணக்குப் புத்தகம் தொடங்கும் நாணயமான கணக்கப்பிள்ளையைப் போன்றது சிர்கான். பிறந்த அன்று ஈயத்தின் பத்தி வெறுமை. பிறகு ஒவ்வொரு துளியாக வரவு ஏறுகிறது. என்றைக்கு எடுத்துப் பார்த்தாலும், யுரேனியம் எவ்வளவு மிச்சம், ஈயம் எவ்வளவு வரவு என்று கண்டால், புத்தகம் தொடங்கிய நாள் தெரிந்துவிடும். லஞ்சம் கொடுத்து அதன் கணக்கை மாற்ற முடியாது.

இந்தக் கணக்கைப் படிக்கக் கற்பதற்கு முன்னால், பூமியின் வயது பேரறிஞர்களுக்கும் பிடிபடவில்லை. லார்டு கெல்வின் 1862-ம் ஆண்டில் பூமி குளிரும் வேகத்தைக் கொண்டு, 2 கோடி முதல் 40 கோடி ஆண்டுகள் என்று மதிப்பிட்டார். பின்னாட்களில் அதையும் இன்னும் சுருக்கினார். 1911-ம் ஆண்டில் ஆர்தர் ஹோம்ஸ் என்ற இருபத்தொரு வயது ஆங்கில இளைஞர், தாதுக்களில் உள்ள யுரேனியத்தையும் ஈயத்தையும் வைத்துப் பாறைகளின் வயதைப் பட்டியல் போட்டார். அந்தப் பட்டியலில் மிகப் பழையது இலங்கையிலிருந்து கிடைத்த தாது. அதன் வயது 164 கோடி ஆண்டு என்று கண்டார். உலகம் திடுக்கிட்டது. மேற்கு ஆஸ்திரேலியாவின் ஜாக் ஹில்ஸ் குன்றுகளில் கிடைத்த ஒரு சிர்கான் மணியின் வயது ஏறக்குறைய 440 கோடி ஆண்டு என்று 2001-ம் ஆண்டில் வெளியிட்டார்கள். பூமியில் பிறந்தவற்றுள் இதுவரை கண்ட மிகப் பழைய துணுக்கு அதுதான்.

ஈயம் சொன்ன சேதி

இனி வருவதுதான் இந்தச் சரித்திரத்தின் சிகரம். 1940-களின் இறுதியில் சிகாகோ சர்வகலாசாலையில் கிளேர் பேட்டர்சன் என்ற மாணவருக்கு, சிர்கான் மணிகளில் உள்ள ஈயத்தை அளக்கும் வேலை தரப்பட்டது. அளந்தார், விடை தாறுமாறாக வந்தது. இருக்க வேண்டியதைவிட எத்தனையோ மடங்கு ஈயம்! கல் பொய் சொல்கிறதா? இல்லை. சோதனைச் சாலையின் காற்றிலும், தூசியிலும், பாத்திரத்திலும், தண்ணீரிலும் ஈயம் நிறைந்திருந்தது. கணக்கப்பிள்ளை சரியாகத்தான் எழுதினார். புத்தகத்தின் மேல் யாரோ மையைக் கொட்டிவிட்டார்கள்.

பேட்டர்சன் ஆண்டுக் கணக்கில் உழைத்து, ஈயத் தூசி அணுகாத சோதனை அறையை அமைத்தார். அரிஸோனாவில் விழுந்த விண்கல்லின் துண்டை அளந்தார். 1956-ம் ஆண்டில் பூமியின் வயது 455 கோடி ஆண்டு என்று அறிவித்தார். அந்தத் தொகை இன்றும் பெரும்பாலும் அப்படியே நிற்கிறது.

வேறொருவராக இருந்தால் அந்தப் புகழோடு திருப்தி அடைந்திருப்பார். பேட்டர்சனின் மனத்தை அந்த மைக்கறை அரித்தது. இத்தனை ஈயம் காற்றில் எங்கிருந்து வந்தது? கடல் நீரைச் சோதித்தார். கிரீன்லாந்தின் பழம் பனியைத் தோண்டிப் பார்த்தார். பழைய பனியில் ஈயம் சொற்பம். புதிய பனியில் மிகுதி. மோட்டார் எஞ்சின் 'தட்டாமல்' ஓடுவதற்காக 1923-ம் ஆண்டு முதல் பெட்ரோலில் ஈயப் பொருளைக் கலந்து வந்தார்கள். அந்தப் புகைதான் பெரும் காரணம். ஈயம் குழந்தைகளின் மூளை வளர்ச்சியைக் கெடுப்பது. பெரியவர்களின் இருதயத்தைத் தாக்குவது.

1965-ம் ஆண்டில் பேட்டர்சன் இதை வெளிப்படையாக எழுதினார். எதிர்ப்பு பலமாக இருந்தது. காற்றிலுள்ள ஈயத்தைப் பற்றி ஆராய 1971-ம் ஆண்டில் அமெரிக்காவில் அமைந்த நிபுணர் குழுவில், அவருக்கு இடம் தரவில்லை. அவர் தளரவில்லை. படிப்படியாகச் சட்டங்கள் வந்தன. இந்தியாவில் ஈயப் பெட்ரோல் 2000-ம் ஆண்டில் ஒழிந்தது. கடைசி நாடாக அல்ஜீரியா 2021-ம் ஆண்டில் அதை நிறுத்தியது. இதனால் ஆண்டுதோறும் 12 லட்சத்துக்கு மேற்பட்டவர்களின் அகால மரணம் தடுக்கப்படுகிறது என்று ஐக்கிய நாடுகளின் சுற்றுச்சூழல் அமைப்பு மதிப்பிட்டது. பேட்டர்சன் அந்த நாளைக் காணவில்லை. 1995-ம் ஆண்டிலேயே மறைந்தார்.

இங்கே சற்று நின்று யோசிக்க வேண்டும். ஆயுளை நீட்டும் என்று சாதிலிங்கத்தைத் தின்றவர்கள் செத்தார்கள். ரேடியத்தைக் குடித்தவர்கள் செத்தார்கள். சிர்கானோ யாருக்கும் எந்த வாக்குறுதியும் தரவில்லை. உள்ளதை உள்ளபடி சொல்லிற்று. அந்த உண்மையைப் பின்பற்றிப் போனதால் லட்சக்கணக்கானவர்களுக்கு ஆயுள் நீண்டது! மனிதனுக்குக் காலத்தைக் கொடுத்த கல் ஒன்று உண்டென்றால் இதுதான். ஆனால் கொடுத்தது கல்லின் மாயம் அல்ல. அதைப் படித்த மனிதனின் நேர்மை.

குமரிக் கரையின் மணல்

இந்த இரண்டு பாதைகளும் நம் வாசலிலேயே சந்திக்கின்றன. கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சிக் கடற்கரையின் கருமணலில் மோனசைட் என்ற கனிமமும் உண்டு, சிர்கானும் உண்டு. 1909-ம் ஆண்டில் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானியர், இந்தப் பக்கத்திலிருந்து போன கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட்டைக் கண்டார். அதிலுள்ள தோரியம் அந்நாளில் காஸ் விளக்கின் மேண்டிலுக்குப் பயன்பட்டது. தோரியம் கதிர் வீசும் பொருள். அது பாதியாகக் குறைய சுமார் 1400 கோடி ஆண்டுகள் ஆகும்.

அணுசக்திக்கு உதவும் என்று தேசம் காத்து வைக்கும் இந்தத் தோரியத்தை, உலகச் சந்தையில் வேறு சிலர் வேறு விதமாக விற்கிறார்கள். 'சக்திப் பதக்கம்', 'அயனிப் பதக்கம்' என்ற பெயர்களில் கழுத்திலும் கையிலும் அணியும் பண்டங்கள் பல நாடுகளில் விலை போகின்றன. களைப்பு நீங்கும், உடல் புத்துயிர் பெறும் என்பது விளம்பரம். தோரியம் கலந்த தாதுப்பொடி இவற்றில் இருப்பதைச் சோதனைச் சாலைகள் கண்டிருக்கின்றன. 2021-ம் ஆண்டு டிசம்பரில் நெதர்லாந்து நாட்டு அணுப் பாதுகாப்பு அதிகாரிகள், இத்தகைய பத்துப் பண்டங்கள் கதிர் வீசுவதாகவும், அவற்றை அணிவதை உடனே நிறுத்த வேண்டும் என்றும் எச்சரித்தார்கள். அந்தப் பத்தில் குழந்தைகள் அணியும் கைவளையும் ஒன்று! ரேடியத் தண்ணீரின் புட்டி மாறியிருக்கிறது, வியாபாரம் மாறவில்லை.

கேட்க வேண்டிய கேள்வி

சட்டம் இல்லாமல் இல்லை. மந்திரம், தாயத்து, கவசம் முதலியவற்றால் நோய் தீரும் என்று விளம்பரம் செய்வதைத் தடுக்க, இந்திய அரசாங்கம் 1954-ம் ஆண்டிலேயே சட்டம் செய்தது. ஆனால் ஒவ்வொரு வீட்டு வாசலிலும் சட்டம் வந்து காவல் நிற்க முடியாது. காவல் நிற்க வேண்டியது வீட்டாரின் அறிவுதான்.

முதுமையைக் கண்டு அஞ்சுவது குற்றமல்ல. நோயுற்ற தாய்க்கு இன்னும் பத்து ஆண்டு வேண்டும் என்று மகன் ஏங்குவது இயற்கை. அந்த ஏக்கத்தைக் காசாக்குகிறவன்தான் குற்றவாளி. ஆகவே கல்லோ, பதக்கமோ, பஸ்பமோ, லேகியமோ, எதை யார் நீட்டினாலும் மூன்று கேள்விகள் கேட்க வேண்டும். இதற்குள் என்ன இருக்கிறது? அதைச் சோதித்தவர் யார்? தீங்கு நேர்ந்தால் பொறுப்பு யாருடையது? கேள்வியைக் கண்டு கோபிக்கிறவனிடம் எதையும் வாங்க வேண்டாம்.

காலத்தை நிறுத்தும் கல் கதையில் இருக்கட்டும்; குழந்தைகள் கேட்டு மகிழட்டும். கதை கேட்ட பிள்ளை, 'இது நிஜமா?' என்று கேட்டால், கடற்கரை மணலில் ஒரு சிட்டிகை எடுத்துக் காட்டலாம். அதற்குள் எத்தனையோ கோடி ஆண்டுக் கணக்கு எழுதப்பட்டிருக்கிறது. அதைப் படிக்கத் தெரிந்தவனுக்கு எந்த மாயக்கல்லும் தேவைப்படாது.